சுத்தம் பண்ணக் கொடுத்த செயின்சோவில் காபரேட்டரே மாறிவிட்டது

மழைக்கு முன்னால் செயின்சோவை ரிப்பேருக்குக் கொடுக்க இருக்கிறவர்கள் தயவுசெய்து இதை வாசித்துவிட்டுக் கொடுங்கள்.

எங்களுடையது அப்பா வாங்கிய மெஷின். 2019இல் பொலிஸில் பதிந்தது. ஹட்டன் பக்கம் லயங்களுக்கு (தோட்டத் தொழிலாளர் வரிசை வீடுகளுக்கு) மேலே சாய்ந்து நிற்கிற சவுக்கு, டர்பன்டைன் மரங்களை வெட்டிக் கொடுப்பதுதான் எங்கள் பிழைப்பு. போன மாதம் ஸ்டார்ட் ஆகும், சும்மா ஓடும், திரொட்டிலை அழுத்தினால் நின்றுவிடும். பழைய பெற்றோல் டேங்கில் கிடந்தால், பெற்றோலையும் காற்றையும் கலந்து எஞ்சினுக்கு அனுப்புகிற காபரேட்டருக்குள் பிசின் பிடித்து, சின்ன வலை அடைத்து இப்படி ஆகும் என்று தெரியும். ஆனாலும் கைவைக்கப் பயந்து டவுனில் மெஷின் திருத்துகிற ஒரு பாஸிடம் கொடுத்தேன். கழற்றிக் கழுவி, புது கிட் (டயஃப்ரம் என்கிற மெல்லிய சவ்வும் காஸ்கெட்டும்) போட்டதாகச் சொல்லி 9,500 ரூபா வாங்கினார்.

இரண்டு நாள் ஓடியது. மூன்றாம் நாள் சத்தம் கீச்சென்று ஏறியது, திரொட்டிலை விட்டாலும் இறங்கவில்லை, சூடு தாங்க முடியவில்லை, அப்படியே இறுகி நின்றது.

மச்சானும் நானும் வீட்டிலேயே கழற்றினோம். அவ்வளவு கஷ்டமில்லை. மெஷின் ஆறிய பிறகு பிளக் வயரைக் கழற்றி, டேங்கைக் காலி பண்ணி, தூசியைத் துடைத்து, ஃபில்டரை எடுத்தால் இரண்டு நட்தான், எங்களுடையதில் 8 மில்லிமீற்றர். திரொட்டில் கம்பியையும் பெற்றோல் குழாயையும் இழுக்காமல் மெதுவாக விடுவித்தால் காபரேட்டர் கையில் வந்துவிடும். எஞ்சின் பக்கத் துளைக்குள் எதுவும் விழாமல் சுத்தமான துணியை வைத்துவிடுங்கள்.

கையில் வந்தது எங்கள் காபரேட்டர் இல்லை. பழையதில் வால்ப்ரோ என்று கம்பனிப் பெயர் பதித்திருக்கும், இதில் பெயரே இல்லை. அதைவிடக் கொடுமை, பின்னால் காற்று புகாமல் அடைக்க இருக்க வேண்டிய காஸ்கெட்டையே காணவில்லை. அந்த இடைவெளியால் காற்று புகுந்தால் பெற்றோலோடு கலந்து வருகிற ஓயிலும் குறைந்துவிடும், பிஸ்டன் காயும். சைலன்சரைக் கழற்றிப் பார்த்தோம், பிஸ்டனில் நீளநீளமாகக் கீறல்.

திரும்பப் போய்க் கேட்டதற்கு, "நீங்க கொண்டு வரும்போதே இதுதான் இருந்திச்சு" என்கிறார். என்னிடம் ஒரு படம்கூட இல்லை. பதிவில் மெஷின் நம்பர் இருக்கிறது, உள்ளே இருந்த காபரேட்டருக்கு என்ன சாட்சி?

அதனால் கொடுப்பதற்கு முன்னால் ஃபில்டரைத் தூக்கி, காபரேட்டரில் உள்ள பெயரும் எண்ணும் தெரிய ஃபோனில் ஒரு படம் எடுங்கள், அவர் முன்னாலேயே எடுங்கள். கிட் போட்டேன் என்றால் கழற்றிய பழைய டயஃப்ரமைக் கேட்டு வாங்குங்கள். எங்களுக்கு இனி பிஸ்டனும் சிலிண்டரும் வாங்க வேண்டும், ஒத்துக்கொண்ட 6 மரங்கள் இன்னும் லயத்துக்கு மேலே சாய்ந்தபடியே நிற்கின்றன.