தொலைந்த ஐசியும் மூன்று கிழமை லீவும்

இந்த முறை ஊருக்குப் போனது இரண்டு அலுவலுக்காக. நல்லூர்த் திருவிழாவுக்கு அம்மாவோடு நிற்க வேண்டும் என்பது ஒன்று. அம்மா தன் பெயரில் இருக்கும் வீட்டுக் காணியை அக்காவுக்கும் எனக்கும் எழுதித் தருவதாகச் சொல்லியிருந்தா, அந்தக் காணி உறுதியை, அதாவது பத்திரத்தை, முடிக்க வேண்டும் என்பது மற்றது. லண்டனில் கிடைத்த லீவு மூன்று கிழமை. கொழும்பு வெள்ளவத்தையில் இரவு பஸ் ஏறி, விடியப்புறம் யாழ்ப்பாணத்தில் இறங்கினேன். ஓட்டோக்காரருக்குக் காசு கொடுக்கக் கைப்பையைத் திறந்தால் சின்னப் பேர்ஸைக் காணவில்லை. அதில் பெரிதாகக் காசு இல்லை. நாங்கள் ஐசி என்று சொல்லும் என் தேசிய அடையாள அட்டை இருந்தது.

ஓட்டோவைத் திருப்பி பஸ் நிற்கும் இடத்துக்குப் போனோம். பஸ்காரப் பொடியன்கள் நல்ல பிள்ளைகள். இருக்கைக்குக் கீழே, மேலே பை வைக்கும் தட்டில், போர்வைகளை உதறி, எல்லா இடமும் தேடினார்கள். இடையில் சாப்பிட இறங்கிய கடைக்கும் போன் போட்டுக் கேட்டார்கள். கிடைக்கவில்லை.

அந்த அட்டையை நான் எடுத்தது 1990இல், 16 வயதில், பள்ளிக்கூட அதிபர் ஊடாக. கறுப்பு வெள்ளைப் படம், இரட்டைப் பின்னல், கழுத்துவரை பூட்டிய வெள்ளைச் சட்டை. ஓரத்தில் பிளாஸ்டிக் உரிந்து, ஒரு மூலையில் தண்ணீர் இறங்கிப் பழுப்பு நிறமாகிவிட்டது. பின்பக்கத்தில் தொழில் என்ற இடத்தில் 'மாணவி' என்று இருக்கும். அதைப் பார்த்துப் போன தடவையே உறுதி எழுதுகிற நொத்தாரிசு ஐயா, "பிள்ளை, இந்தப் படத்தில இருக்கிறது நீங்கள்தான் எண்டு நான் எப்பிடிச் சொல்லுறது? புதுசு எடுங்கோ" என்றவர். நான்தான் தள்ளிப்போட்டுவிட்டேன்.

எங்கள் வயதுக்காரருக்கு ஐசி என்பது வெறும் அட்டை அல்ல என்று இளம் ஆட்களுக்குச் சொல்லித்தான் விளங்கப்படுத்த வேண்டியிருக்கிறது. வீட்டை விட்டு யார் வெளிக்கிட்டாலும் அம்மா கேட்கும் முதல் கேள்வி, "ஐசி எடுத்தனியோ?" சாப்பிட்டியா என்று கேட்பது அதற்குப் பிறகுதான். யுத்த காலத்தில் சோதனைச் சாவடியில் பஸ்ஸால் இறக்கி வரிசையாக நடக்கவிடும்போது, ஒரு கையில் செருப்பும் மறு கையில் ஐசியுமாக நடந்திருக்கிறோம். 1998இல் யாழ்ப்பாணத்துக்குத் தரைவழியாக வருகிற ஏ9 பாதை பூட்டியிருந்தபடியால் காங்கேசன்துறையில் கப்பல் ஏறித் திருகோணமலை வழியாகத்தான் கொழும்புக்குப் போனேன். அந்தப் பயணம் முழுக்க அட்டையைச் சட்டைக்குள் பொலித்தீன் பையில் சுற்றி வைத்திருந்தேன். அது தொலைந்தால் ஆள் தொலைந்ததற்குச் சமம் என்ற பயம் அது. அத்தனையையும் தாண்டி வந்த அட்டை, ஒரு பிரச்சினையும் இல்லாத ஒரு பஸ் பயணத்தில் போய்விட்டது. அன்று காலை அழுதுவிட்டேன்.

ஆனால் இலக்கம் எனக்குப் பாடம். அந்தக் காலத்து ஆட்கள் எல்லோருக்கும் பாடமாகத்தான் இருக்கும். மறந்தவர்களுக்கு ஒரு சின்ன உதவி: பழைய இலக்கத்தின் முதல் ஐந்து எண்கள் உங்கள் பிறந்த நாளைத்தான் சொல்கின்றன. முதல் இரண்டும் பிறந்த வருடம். அடுத்த மூன்றும் அந்த வருடத்தில் எத்தனையாவது நாள் என்பது, பெண்கள் என்றால் அதோடு 500 கூடும். பெப்ரவரிக்கு எப்போதும் 29 நாள் என்றே கணக்குப் பார்ப்பார்கள். 1974 மார்ச் 10ஆம் திகதி பிறந்த பெண்ணுக்கு 31, 29, 10 என்று கூட்டி 70, அதோடு 500 சேர்த்து 570. ஆகவே 74570 என்று தொடங்கும். மிச்ச நாலு எண்ணும் கடைசி எழுத்தும் கணக்கில் வராது, அவற்றுக்குப் பழைய கடவுச்சீட்டையோ வங்கிப் புத்தகத்தையோ தேட வேண்டும். அக்காவின் மகனுடைய அட்டையில் 12 எண்கள், எழுத்தே இல்லை. 2016இலிருந்து புதிதாக எடுப்பவர்களுக்கு அப்படித்தான்.

வெளிநாட்டில் இருப்பவர்கள் முதலில் கவனிக்க வேண்டிய விஷயம் வேறு. அடையாள அட்டை இலங்கைக் குடிமக்களுக்கு மட்டும். வேறு நாட்டுக் குடியுரிமை எடுத்த உடனே இலங்கைக் குடியுரிமை போய்விடுகிறது என்பதைப் பலர் யோசிப்பதில்லை. பழைய ஐசி வீட்டில் இருக்கிறது, அதனால் நான் இன்னும் இலங்கை ஆள்தான் என்று நினைத்துக்கொண்டிருப்பார்கள். இரட்டைக் குடியுரிமைக்கு விண்ணப்பம் எடுப்பதை 2015இல் திரும்பத் தொடங்கியபோது, அக்கா நின்று நெருக்கியபடியால் நான் அதைச் செய்துவைத்திருந்தேன். அந்தச் சான்றிதழ் இல்லாவிட்டால் இந்தக் கதை பொலிஸ் நிலையத்தோடு முடிந்திருக்கும்.

பொலிஸ் நிலையத்துக்கு அன்றே போனோம். தொலைந்த அட்டைக்கு முறைப்பாட்டுப் பிரதி இல்லாமல் எதுவும் நகராது. முறைப்பாடு எழுதுகிற மேசையில் இருந்தவர் மரியாதையாகத்தான் கேட்டார், ஆனால் எழுதத் தொடங்கியது சிங்களத்தில். நான் என்ன சொன்னேன், அவர் என்ன எழுதினார் என்று தெரியாமல் கையெழுத்து வைக்க எனக்கு மனம் வரவில்லை. "தமிழிலை எழுதித் தாங்கோ, நான் இருந்து எடுத்துக்கொண்டு போறன்" என்றேன். தமிழ் எழுதத் தெரிந்த பெண் பொலிஸ் உத்தியோகத்தர் சாப்பாட்டுக்குப் போயிருந்தா. ஒரு மணித்தியாலம் வாங்கில் இருந்தோம். இதை இங்கே எழுதுவது சண்டைக்கு அல்ல. 1987ஆம் ஆண்டுத் திருத்தத்தோடு தமிழும் அரச கரும மொழி. அதுவும் வடக்கில், தமிழ்ச் சனத்துக்கு நடுவில் இருக்கிற ஒரு நிலையத்தில், ஒரே ஒரு ஆள் சாப்பிடப் போனால் தமிழும் அவரோடு போய்விடுவது சரியில்லை. அந்தப் பிள்ளை வந்தபின் பத்து நிமிடத்தில் அழகான கையெழுத்தில் எழுதி, வாசித்துக் காட்டி, கையெழுத்து வாங்கினா. கேட்டால் கிடைக்கிறது. தயவுசெய்து கேளுங்கள்.

படம் எடுப்பது சுலபம். ஆட்பதிவுத் திணைக்களத்தில் பதிந்த ஸ்டூடியோவில்தான் எடுக்க வேண்டும். படத்தை அவர்களே கணினி வழியாகத் திணைக்களத்துக்கு அனுப்பிவிட்டு ஒரு பற்றுச்சீட்டு தருவார்கள். அதைத்தான் விண்ணப்பத்தோடு கொடுப்பது. லண்டனில் எடுத்த படங்களைக் கொண்டுபோய்ப் பிரயோசனம் இல்லை.

அப்புறம் விதானையார். இப்போது கிராம அலுவலர் என்றுதான் பலகையில் இருக்கிறது, ஆனால் அம்மாவுக்கு எப்போதும் விதானையார்தான். எங்கள் பகுதிக்கு இருப்பவர் முப்பது வயதுகூட இராத ஒரு பெண். அலுவலகத்தில் நிற்கும் நாட்களைக் கதவில் ஒட்டியிருந்தா. மற்ற நாட்களில் வெளி அலுவல். இது தெரியாமல் போய் ஒரு நாள் வீணாகத் திரும்பினேன். மூன்று கிழமையில் ஒரு நாள் என்பது சின்ன விஷயம் இல்லை. அடுத்த நாள் அம்மாவையும் கூட்டிக்கொண்டு போனேன். அவவுக்கு என்னைத் தெரியாது, அம்மாவைத் தெரியும்.

"அக்கா, உங்கட பேர் வாக்காளர் இடாப்பில இல்லையே. எப்பிடி நான் இந்த விலாசத்தை உறுதிப்படுத்துறது?"

நியாயமான கேள்வி. இரட்டைக் குடியுரிமைச் சான்றிதழைக் கொடுத்தேன். அதை முழுக்க வாசித்தா. பிறகு அம்மாவிடம் திரும்பி, "அம்மா, இவ வந்தால் உங்களோடதான் நிக்கிறவவோ?" என்று கேட்டா. அம்மா, "வேறை எங்கை நிக்கிறது? அவளின்ர வீடு அது" என்றா. பிள்ளை சிரித்துக்கொண்டே பேனையை எடுத்தா. அம்மா அந்தப் பதிலைச் சொன்ன விதம் இன்னும் காதில் நிற்கிறது.

மினக்கெட்டது பிரதேச செயலகத்தில்தான். முதல் நாள் திருப்பி அனுப்பிவிட்டார்கள். காரணம் என் பெயரில் உள்ள 'கௌரி'. பிறப்புப் பதிவில் அந்தக் காலத்துப் பதிவாளர் கையால் எழுதியது 'கௌரி'யா, 'கெளரி'யா என்று யாராலும் சொல்ல முடியவில்லை. ஔகாரத்தின் கால் எது, ளகரம் எது என்று அந்த எழுத்தில் வித்தியாசமே இல்லை. என்னிடம் இருந்த பிரதியும் மடித்து மடித்துச் சரியாக அந்த இடத்தில் கிழிந்திருந்தது. இதோடு புது அட்டையில் ஆங்கிலமும் வருகிறது. பழைய அட்டையில் சிங்களமும் தமிழும் மட்டும்தான், அதனால் ஆங்கில எழுத்துக் கூட்டலைப் பற்றி யாரும் கவலைப்பட்டதில்லை. இப்போது என் பிரித்தானியக் கடவுச்சீட்டில் கௌரிக்கு 'ஜி' எழுத்து, இரட்டைக் குடியுரிமைச் சான்றிதழிலும் 'ஜி', பள்ளிக்கூடச் சான்றிதழில் மட்டும் 'கே'. அவசரத்தில் விண்ணப்பம் நிரப்பிய நான், பள்ளிக்கூடத்தில் பழகிய மாதிரி 'கே' போட்டுவிட்டேன்.

முதலில் கோபம்தான் வந்தது. ஒரு எழுத்துக்காக இன்னொரு நாளா என்று. ஆனால் அடையாள அட்டைப் பிரிவில் இருந்த உத்தியோகத்தர், நடுத்தர வயது மனிதர், கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டுச் சொன்னார்: "அக்கா, நான் இதை இப்ப விட்டால் கார்ட் வந்திடும். நாளைக்கு உறுதியிலும் பாங்கிலும் 'கே' வரும், உங்கட பாஸ்போட்டில 'ஜி' இருக்கும். அப்ப நீங்கள் லண்டனில இருந்து சத்தியக் கடதாசி முடிச்சு அனுப்பிக்கொண்டு இருப்பியள். இண்டைக்கு ஒரு நாள் அலையிறது நல்லது." அவர் சொன்னது சரி. வெளிநாட்டில் இருக்கிற எங்களுக்கு இதைவிடப் பிரயோசனமான புத்திமதி அந்தப் பயணத்தில் வேறு யாரும் சொல்லவில்லை. கடவுச்சீட்டில் எப்படி இருக்கிறதோ, எழுத்து மாறாமல் அப்படியே விண்ணப்பத்தில் எழுதுங்கள்.

பிறப்புப் பதிவின் புதிய பிரதி எடுத்தேன். தட்டச்சில் 'கௌரி' தெளிவாக வந்தது. விண்ணப்பத்தை முதலிலிருந்து நிரப்பினேன். வெளியே மரத்துக்குக் கீழே படிவம் நிரப்பித் தருகிற ஒருவர், காசு கொடுத்தால் கெதியாக முடித்துத் தரலாம் என்று மெல்லச் சொன்னார். உள்ளே எங்கள் வேலையைச் செய்ய ஒழுங்கான ஆட்கள் இருக்கும்போது அது தேவையே இல்லை.

சாதாரண சேவையில் விட்டிருந்தால் என் லீவுக்குள் கைக்கு வருமோ தெரியாது. ஒருநாள் சேவைக்குக் கேட்டேன். விண்ணப்பத்தை உறுதிப்படுத்தி, நாளும் குறித்துத் தந்தார்கள். அதற்கு அப்போது கொழும்புக்குப் பக்கத்தில் இருக்கும் பத்தரமுல்லைக்குப் போக வேண்டியிருந்தது, சுகுறுபாய என்ற கட்டடம். குடிவரவு குடியகல்வுத் திணைக்களமும் அதே கட்டடத்தில்தான் இருக்கிறது. இரட்டைக் குடியுரிமையோ கடவுச்சீட்டோ சம்பந்தமாக அலுவல் இருப்பவர்கள் இரண்டையும் ஒரே பயணத்தில் பார்க்கலாம். திரும்பவும் இரவு பஸ், திரும்பவும் வெள்ளவத்தை. இந்த முறை பையை மடியில் வைத்து, கைப்பிடியைக் கையில் சுற்றிக்கொண்டுதான் இருந்தேன்.

பத்தரமுல்லையில் பெரிதாகச் சொல்ல ஒன்றும் இல்லை. காலையில் கொடுத்து, கட்டணம் கட்டி, காத்திருந்து, பின்னேரம் வாங்கினேன். பக்கத்து இருக்கையில் மட்டக்களப்பிலிருந்து மகளோடு வந்த ஒரு அம்மா. மகளுக்கு முதல் அட்டை, பரீட்சைக்குத் தேவையாம். பெயர் கூப்பிட்டதும் அந்தப் பிள்ளை ஓடிப்போய் வாங்கி, படத்தைப் பார்த்து முகத்தைச் சுளித்து, அம்மாவின் பையில் போட்டுவிட்டுப் போனோடு இருந்துவிட்டாள். அதைச் சட்டைக்குள் ஒளிக்க வேண்டிய அவசியம் அவளுக்கு இல்லை. அதைப் பார்க்க எனக்கு நெஞ்சு நிறைந்தது.

என்னுடையது வந்தபோது பெயரை மூன்று மொழியிலும் ஒவ்வொரு எழுத்தாகப் பார்த்தேன். ஔகாரம் சரி. ஆங்கிலத்தில் 'ஜி'. சிங்களத்தை எழுத்துக் கூட்டி வாசிக்க எனக்குத் தெரியாது, பக்கத்தில் நின்ற ஒரு சிங்கள ஐயாவிடம் காட்டினேன். அவர் சத்தமாக வாசித்தார், சரியாக இருந்தது. உடனே போனில் இரண்டு பக்கமும் படம் எடுத்து அக்காவுக்கு அனுப்பினேன்.

வெள்ளிக்கிழமை உறுதி முடிந்தது. நொத்தாரிசு ஐயாவின் மேசையில் எல்லோருடைய அட்டைகளையும் வரிசையாக வைத்தோம்: அம்மா, அக்கா, நான், சாட்சிக் கையெழுத்துக்கு வந்த இரண்டு பேர். எழுத்தர் இலக்கங்களைப் பார்த்துத் தட்டச்சு செய்துகொண்டு வந்தார். சின்ன மாமாவின் அட்டையில் நின்றுவிட்டார். பழைய அட்டை, பிளாஸ்டிக்குக்குள் பூஞ்சணம் பிடித்து, மூன்றா எட்டா என்று தெரியாத ஒரு எண். மாமா கண்ணை மூடிக்கொண்டு முழு இலக்கத்தையும் ஒரே மூச்சில் சொன்னார். எழுத்தர் எழுதினார்.

வெளியில் வந்ததும் மாமா என் புது அட்டையை வாங்கி வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "இதை மாத்திறதுக்கு நான் கொழும்புக்குப் போகவேணுமோ பிள்ளை?" என்று கேட்டார். தேவையில்லை மாமா, உங்களுக்கு அவசரம் இல்லைத்தானே, இங்கேயே கொடுக்கலாம் என்றேன். நான் வெளிக்கிட இன்னும் நாலு நாள் இருந்தது. திங்கட்கிழமை அவரை ஸ்டூடியோவுக்குக் கூட்டிக்கொண்டு போனேன். அடுத்த நாள் விதானையாரிடம்.