வழித்தடத்தை வெட்டுவதா, விமானத்தைக் கழிப்பதா?

விமான நிறுவனம் ஒன்றின் கையில் பணம் வற்றத் தொடங்கினால் வழக்கமாக முதலில் வரும் அறிவிப்பு, இன்ன இன்ன ஊர்களுக்குச் சேவை நிறுத்தப்படுகிறது என்பதுதான். செய்தியைப் படிப்பவருக்கு நஷ்டத்தை வெட்டி எறிந்துவிட்டார்கள் என்று தோன்றும். வெட்டப்பட்டது அதில் ஒரு பகுதிதான். மிச்சம் விமான நிலையத்தில் சும்மா நின்றுகொண்டிருக்கிறது.

180 இருக்கை விமானம் ஒன்று பாதி ஆட்களோடு போய்வருகிறது என்று வைத்துக்கொள்வோம். அந்தப் பயணத்தை ரத்து செய்தால் எரிபொருள், தரையிறங்கும் கட்டணம், வான்வழிக் கட்டணம், ஊழியர்களுக்கான பறப்புப் படி ஆகியவை மிச்சம். விமானத்தின் மாதக் குத்தகை, காப்பீடு, விமானிகளின் அடிப்படைச் சம்பளம், தலைமை அலுவலகச் செலவு ஆகியவற்றில் ஒரு காசும் குறையாது. அந்தப் பாதி ஆட்களின் டிக்கெட் பணம் முதல் பட்டியலைக் கட்டிவிட்டு இரண்டாவதற்கும் கொஞ்சம் கொடுத்துவந்திருந்தால், வழித்தடத்தை மூடிய அன்றே நஷ்டம் கூடுகிறது. அது சுமந்த பங்கு மற்ற வழித்தடங்களின் தலையில் ஏறும். அடுத்த காலாண்டில் அவற்றில் இன்னொன்று சிவப்பில் தெரியும், அதையும் மூடுவார்கள். இப்படியே தன்னைத் தானே தின்று தீர்த்த நிறுவனங்கள் உண்டு.

ஆகவே, விமானத்தையும் சேர்த்துக் கழிக்க முடிகிறபோதுதான் வழித்தடத்தை வெட்டுவதற்குப் பொருள் இருக்கிறது. 2008 ஜூலையில் கச்சா எண்ணெய் பீப்பாய்க்கு 147 டாலரைத் தொட்டது. அதற்கு முந்தைய மாதமே அமெரிக்காவின் யுனைடெட் ஏர்லைன்ஸ் 100 விமானங்களைக் கழிப்பதாக அறிவித்தது. அவற்றில் 94, போயிங் 737. அதாவது அன்று அவர்களிடம் இருந்த அந்த வகை முழுவதும். இங்கொன்றும் அங்கொன்றுமாகப் பொறுக்காமல் ஒரு வகையையே துடைத்ததில்தான் சூட்சுமம். ஒரு வகை போனால் அதற்கான உதிரிபாகக் கிடங்கு, பயிற்சிக் கருவி, அதற்கென்றே உரிமம் பெற்ற விமானிகளின் தனிப் பட்டியல் எல்லாம் சேர்ந்து போகும். பத்து வகைகளில் பத்துப் பத்து விமானங்களைக் குறைத்தால் இவற்றில் எதுவும் போகாது.

சேவையை மூடாமல் எண்ணிக்கையை மட்டும் குறைப்பது மூன்றாவது வழி. தினம் இரண்டு என்பதை ஒன்றாக்குவது. பார்க்க மென்மையான மருந்துதான், ஆனால் எனக்கு அதில் நம்பிக்கை குறைவு. காலையில் போய் மாலையில் திரும்ப நினைக்கும் அலுவல் பயணி, கடைசி நேரத்தில் அதிக விலைக்கு டிக்கெட் வாங்குபவர், முதல் ஆளாகப் போட்டி நிறுவனத்துக்குப் போய்விடுவார். அதைவிட அதே நேரங்களில் சிறிய விமானத்தை விடுவது மேல். ஏர்பஸ் ஏ320 போன இடத்தில் அதன் சிறிய வடிவமான ஏ319 விட்டால் அதே விமானிகள் ஓட்டலாம். முன்பதிவைப் பார்த்து முந்தின நாள்கூட மாற்றிக்கொள்ளலாம். அதற்கும் கீழே இறங்கி 70 இருக்கைச் சொச்சம் கொண்ட ஏடிஆர் 72-ஐப் புதிதாகக் கொண்டுவந்தால் கதை வேறு. குறுந்தூரத்தில் எரிபொருள் நன்றாகவே மிச்சமாகும். ஆனால் நெருக்கடியின் நடுவில் புது வகை, புது விமானிகள், புதுக் கிடங்கு.

சில வழித்தடங்களை நஷ்டத்திலும் விட முடியாது. நெரிசல் மிகுந்த விமான நிலையங்களில் ஒதுக்கப்பட்ட நேரத்தை, ஸ்லாட் என்பார்கள், 80 சதவீதமாவது பயன்படுத்தாவிட்டால் அது கைவிட்டுப் போகும். 2016-இல் லண்டன் ஹீத்ரோவில் வந்துபோக ஒரு ஜோடி ஸ்லாட்டுக்கு ஓமான் ஏர் 7.5 கோடி டாலர் கொடுத்தது. அப்படிப்பட்ட சொத்தை ஒரு பருவத்து நஷ்டத்துக்காக யார் விடுவார்கள்?

விமானத்தைக் கழிப்பது என்று முடிவு செய்தாலும், நிறுத்தி வைப்பதா, ஒரேயடியாக விடைகொடுப்பதா என்ற கேள்வி இருக்கிறது. 2020-இல் இரண்டு நிறுவனங்கள் எதிரெதிர்ப் பக்கம் போயின. பிரிட்டிஷ் ஏர்வேஸ் தன்னிடமிருந்த 31 போயிங் 747-களையும் ஓய்வுபெறச் செய்துவிட்டு, வயது குறைந்த 12 ஏர்பஸ் ஏ380-களை நிறுத்தி வைத்தது. 2021 நவம்பரிலேயே அவை பறக்கத் தொடங்கின. லுஃப்தான்சா 747-களில் பெரும்பாலானவற்றை வைத்துக்கொண்டது. தன் 14 ஏ380-களில் ஆறை ஏர்பஸ்ஸிடமே விற்க 2019-இலேயே ஒப்பந்தம் செய்திருந்தது. மற்ற எட்டும் இனித் திரும்பாது என்றது. பயணிகள் எதிர்பார்த்ததைவிட வேகமாகத் திரும்பினார்கள், லுஃப்தான்சா காத்திருந்த போயிங்கின் புதிய 777-இன் வருகை தள்ளிக்கொண்டே போனது. 2023 முதல் அந்த எட்டையும் ஒவ்வொன்றாக எழுப்ப வேண்டியதாயிற்று.

நிறுத்தி வைப்பது என்றால் கதவைப் பூட்டிவிட்டுப் போவது அல்ல. ஸ்பெயினின் தெருவேல் போன்ற வறண்ட இடம் பார்த்துக் கொண்டுபோக வேண்டும். என்ஜின் வாய்க்கு உறை, வேகம் அளக்கும் குழாய்களுக்கு மூடி, ஈரம் உறிஞ்ச சிலிக்கா ஜெல் பைகள். டயர் ஒரே பக்கம் அழுந்தாதிருக்க அவ்வப்போது உருட்டிவிட ஆள். விற்றிருந்தால் இந்தச் செலவு இல்லை. லுஃப்தான்சா அவசரமாக எழுப்பியபோது, இந்தச் செலவைச் செய்து வைத்திருந்ததுதான் கைகொடுத்தது.

சொந்த விமானத்தை விற்று, அதையே குத்தகைக்கு எடுத்து ஓட்டுவதும் ஒரு வழி. உடனே பணம் வரும். ஆனால் வாடகை பெரும்பாலும் டாலரில். வருமானம் உள்ளூர்ப் பணத்தில். கெட்ட காலத்தில் உள்ளூர்ப் பணமும் சேர்ந்து சரியும். 2019-இல் ஜெட் ஏர்வேஸிடம் வழித்தடங்கள் இருந்தன, பயணிகள் இருந்தார்கள். குத்தகை கட்டாததால் விமானங்கள் ஒவ்வொன்றாகத் தரையில் நின்றன, ஏப்ரலில் எல்லாம் நின்றது.

வழித்தடத்தை வெட்டுவது, விமானத்தைக் கழிப்பது இரண்டையும் ஒரே நேரத்தில் முழுதாகச் செய்தது ஜப்பான் ஏர்லைன்ஸ். 2010 ஜனவரியில் கடன்காரர்களிடமிருந்து நீதிமன்றப் பாதுகாப்பு கேட்டது. தலைவராக வந்தவர் கியோசெரா என்ற மின்னணு நிறுவனத்தின் நிறுவனர் கசுவோ இனாமோரி, சம்பளம் வாங்கவில்லை. ஒவ்வொரு வழித்தடத்தின் லாப நஷ்டமும் அதை நடத்துபவர்களுக்கு உடனுக்குடன் தெரியும்படி கணக்கை மாற்றினார். நஷ்ட வழித்தடங்கள் போயின, அவற்றோடு 747-களும் போயின. கடைசி 747 பறந்தது 2011 மார்ச்சில். ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு ஊழியர்களும் போனார்கள். 2012 செப்டம்பரில் நிறுவனம் மீண்டும் பங்குச்சந்தைக்கு வந்தது.

இதில் 35,000 கோடி யென் அரசு சார்ந்த நிதியும் கடன் தள்ளுபடியும் உண்டு. தன் சொந்தப் பலத்தில் நெருக்கடியைக் கடந்த போட்டியாளர் ஏஎன்ஏ இதை அநியாயம் என்று விடாமல் முறையிட்டது. 2013 அக்டோபரில் டோக்கியோ ஹனேடாவில் பன்னாட்டுச் சேவைக்குப் புதிதாக 16 ஸ்லாட்கள் பங்கிடப்பட்டபோது ஏஎன்ஏவுக்கு 11 கிடைத்தன, ஜப்பான் ஏர்லைன்ஸுக்கு 5.