ஒரு பின்னிணைப்புக்காகவே வாங்கலாம்

'தி லோர்ட் ஒஃப் த ரிங்ஸ்' மூன்று பாகத்தையும் ஒன்றாகக் கட்டிய பதிப்பைப் போன மாதம் கண்டியில் ஒரு பழைய புத்தகக் கடையில் 2,200 ரூபாவுக்கு வாங்கினேன். தரம் 9இல் படிக்கும் மகள் படத்தைப் பார்த்துவிட்டுக் கேட்ட புத்தகம் அது. நான் தலவாக்கலைப் பக்கம் ஒரு தேயிலைத் தொழிற்சாலையில் வேலை செய்கிறேன். உயர்தரத்தில் தமிழ் எடுத்தவன். கதை எப்படி என்று எழுத நிறையப் பேர் இருக்கிறார்கள். நான் சொல்ல வந்தது கடைசியில் பொடி எழுத்தில் இருக்கும் ஐந்தாவது பின்னிணைப்பைப் பற்றி. கதையில் வரும் பெயர்களை எப்படி உச்சரிப்பது, எப்படி எழுதுவது என்று சொல்லும் பகுதி அது.

லோத்லோரியன் காட்டுக்குக் கதை வந்ததும் மகள் நின்றுவிட்டாள். "அப்பா, இந்த ஆளு பேரு செலபோர்னா, கெலெபோர்னா?" சீ எழுத்தில் தொடங்கும் பெயர் என்பதால் செலபோர்ன் என்றுதான் நானும் நினைத்தேன். பின்னிணைப்பைத் திருப்பினால் முதல் விதியே அதுதான். சீ எங்கே வந்தாலும் 'க்' ஒலிதான். ஆகவே கெலெபோர்ன். ஆர் எழுத்தை எங்கே வந்தாலும் நாக்கு அதிரச் சொல்ல வேண்டும். ஒரே மெய்யை இரண்டு தடவை எழுதியிருந்தால் அழுத்தி நீட்டிச் சொல்ல வேண்டும். படு, பட்டு என்று சொல்லிப் பழகிய வாய்க்கு இதெல்லாம் சிரமமே இல்லை. டியும் எச்சும் (dh) சேர்ந்து வரும் ஒலிக்கு ஆங்கிலச் சொற்களை உதாரணம் காட்டுகிறார்கள். நாம் 'அது', 'பாதை' என்று சொல்லும்போது நடுவில் வரும் த வைக் கவனியுங்கள், அதுவே போதும்.

எழுதியவர் டோல்கீன், ஒக்ஸ்போர்டில் மொழிப் பேராசிரியராக இருந்தவர். கற்பனை உலகத்துக்குப் பெயர் வைத்துவிட்டு விட்டுவிடவில்லை, அங்கே பேசும் மொழிகளுக்கு எந்த ஒலி உண்டு, எது எங்கே வரும் என்று ஒரு எழுத்ததிகாரமே போட்டிருக்கிறார். 1955இல் மூன்றாம் பாகத்தோடு வந்த பகுதி இது. குவென்யா என்ற மொழிக்குப் பின்னிஷ் மொழியும், சிந்தரின் என்ற மொழிக்கு வெல்ஷ் மொழியும் அவருக்கு முன்மாதிரி.

என்னைப் பிடித்து நிறுத்தியது குவென்யா. அந்த மொழியில் பி, டி, ஜீ என்ற ஆங்கில எழுத்துகளின் அதிர்வொலிகள் தனியாக வராது. மூக்கொலிக்குப் பின்னால்தான் பெரும்பாலும் வரும், சில இடங்களில் ல், ர் ஒலிகளுக்குப் பின்னால். இதைப் படித்ததும் மகளைக் கூப்பிட்டு, தொண்டையில் விரலை வைத்துக்கொண்டு 'கல்' என்று சொல்லச் சொன்னேன். க் வரும்போது தொண்டை சும்மா இருந்தது. 'தங்கம்' என்று சொன்னாள். ங் தொடங்கி அதே க வரை விரலின் கீழே அதிர்ந்தது. பந்து, கம்பு எல்லாவற்றையும் சொல்லிப் பார்த்தோம். நமக்கு க ஒன்றுதான், நிற்கும் இடம்தான் ஒலியை மாற்றுகிறது. பத்து வருஷம் தமிழ் எழுதியும் அவளுக்கு அன்றைக்குத்தான் அது விரலில் பட்டது.

அதனால்தான் அந்த மொழியை எழுதும் எழுத்து முறையில் அந்த அதிர்வொலி எழுத்துகளின் பெயர்கள் அந்தோ, உம்பர், அங்கா என்று உயிரில் தொடங்குகின்றன. குவென்யாவில் அந்தோ என்றால் வாசல், உம்பர் என்றால் விதி, அங்கா என்றால் இரும்பு. நமக்கு உம்பர் வானுலகம், அங்காத்தல் வாயைத் திறத்தல். பொருள் வேறுதான், ஆனால் சொல் நம் வாயில் எவ்வளவு சுகமாக உட்காருகிறது! அன்று ராத்திரி வேலைக்குப் போகும்போதும் அந்தப் பெயர்களைச் சொல்லிக்கொண்டேதான் போனேன்.

எழுத்து முறைக்கு வருவோம். தெங்வார் என்று பெயர், அடிப்படை எழுத்து 24. தொல்காப்பியத்தில் பிறப்பியல் படித்தவர்களுக்கு அட்டவணையைப் பார்த்த உடனே பிடிபடும். முதல் வரிசை பல்லில் பிறப்பது, இரண்டாவது இதழில், மூன்றாவதும் நான்காவதும் உள்ளே போகப் போக. ஒரு தண்டு, ஒரு வளைவு, அவ்வளவுதான் எழுத்து. வளைவை இரட்டித்தால் ஒலி அதிரும். தண்டை மேலே தூக்கினால் காற்று உரசிக்கொண்டு வெளியே வரும். ஒவ்வொரு வரிசைக்கும் அதன் மூக்கொலி உண்டு, நம் இன எழுத்து மாதிரி. ஏ, பீ, சீ என்ற வரிசைக்கு ஒரு காரணமும் சொல்ல முடியாது. இதில் வடிவத்தைப் பார்த்தே ஒலி வாயில் எங்கே பிறக்கிறது என்று சொல்லிவிடலாம். உயிர் ஒலிகள் மெய்யின் தலையில் புள்ளியாகவும் கொக்கியாகவும் ஏறும்.

குறையும் உண்டு. விளக்கமெல்லாம் ஆங்கிலக் காதுக்கு எழுதியது, நாம் நடுவில் நின்று மாற்றிக்கொள்ள வேண்டும். அசை அழுத்த விதியை ஒரே மூச்சில் சொல்லிவிட்டுப் போகிறார், மூன்று தடவை படித்த பிறகுதான் இசில்துர் என்ற பெயரில் நடு அசையை ஏன் அழுத்த வேண்டும் என்று விளங்கியது: அங்கே ல், த் என்று இரண்டு மெய் சேர்ந்து நிற்கிறது. பழைய பிரதி வாங்குபவர்கள் அட்டவணைப் பக்கத்தைப் பிரித்துப் பார்த்து வாங்குங்கள். பக்கமெல்லாம் சரி என்று கடையில் சொன்னதை நம்பினேன். வீட்டில் பார்த்தால் தண்ணீர் பட்டு கடைசி வரி மங்கிப்போயிருந்தது. மகளின் சிநேகிதி வீட்டுப் பிரதியைப் பார்த்துத்தான் நிரப்பினோம்.

வீட்டில் தமிழ் இலக்கணம் படிக்கும் பிள்ளை இருந்தால் தயங்காமல் வாங்கலாம். கதைக்கு முன்னால் இந்தப் பகுதியை, அதுவும் வாய்விட்டுப் படிக்க வேண்டும்.

அந்த எழுத்துகளை வேறு மொழிக்கும் வசதிப்படி பொருத்திக்கொள்ளலாம் என்று பின்னிணைப்பிலேயே இருக்கிறது. மகள் சதுரக் கோட்டுக் கொப்பியில் தமிழைப் பொருத்திப் பார்த்தாள். த, ப, ச, க நான்கும் நான்கு வரிசையில் ஒழுங்காக உட்கார்ந்தன. ட வுக்கு இடம் இல்லை. நாக்கை மடித்து மேலண்ணத்தில் வைத்துச் சொல்லும் ஒலி அங்கே கிடையாது. "அப்பா, அஞ்சாவது வரிசை போட்டுறவா?" என்று கேட்டுவிட்டு அவளே கோடு போட்டாள். ட வுக்கும் ண வுக்கும் வளைவு கிடைத்துவிட்டது. ழ வுக்கு எந்தப் பக்கம் வளைப்பது என்று இன்னும் முடிவாகவில்லை, அந்தச் சதுரம் வெறுமையாக இருக்கிறது.