கெமிக்கல் பட்ட சின்ன காயத்துக்கு கோடு (code) போடுறது: ரொம்ப நாள் ஐசிடி-10-சிஎம் யூஸ் பண்ண அனுபவம்

சென்னை கிண்டில உக்காந்து அமெரிக்க ஹாஸ்பிடல் எமர்ஜென்சி சார்ட்டுக்கு, அதாவது பேஷண்ட் ரெகார்டுக்கு, கோடு போடுறதுதான் நம்ம வேலை, நோய்க்கும் காயத்துக்கும் கோடு நம்பர் குடுக்குற புக்கான ஐசிடி-10-சிஎம் அங்க 2015 அக்டோபர் 1ல அமலுக்கு வந்ததுலேர்ந்து இதோடதான் குடித்தனம். இதுல எனக்கு ரொம்ப புடிச்ச ஏரியா எதுன்னு கேட்டா கரோஷன், அதாவது கெமிக்கல் பட்டு வர்ற காயத்துக்கான கோடுங்கதான். பெரிய பர்ன் கேஸ்னா டாக்டர் பக்கம் பக்கமா எழுதி வச்சிருப்பாரு, தேட வேண்டியதே இருக்காது. கைல நாலு சொட்டு தெறிச்ச கேஸ்லதான் நோட்டு ரெண்டு வரில முடிஞ்சிடும், ஆனா போட வேண்டிய கோடு மட்டும் குறையாது.

பழைய ஐசிடி-9ல தோல்ல படுற நெருப்புக் காயமும் கெமிக்கல் காயமும் ஒரே கோடுக்குள்ள இருந்துச்சு. 10ல பிரிச்சுட்டாங்க, அது உண்மையிலயே நல்ல வேலை. கை, மணிக்கட்டுன்னா டி23 (T23). புள்ளிக்கு அப்புறம் வர்ற மொத நம்பர் 0லேர்ந்து 3 வரைக்கும் சூடு பட்டது, 4லேர்ந்து 7 வரைக்கும் கெமிக்கல் பட்டது. 4னா டிகிரி, அதாவது காயத்தோட ஆழம், சொல்லல, 5 ஃபர்ஸ்ட், 6 செகண்ட், 7 தேர்ட். முகம் டி20, பாதம் டி25, தோல்ல எங்க போனாலும் இதே கணக்குதான், ஒரு தடவ மனசுல உக்காந்துட்டா போதும். கண்ணு தனி, டி26ல டிகிரியே கிடையாது, இமையா கார்னியாவான்னு எடத்த வச்சுதான் பிரிப்பாங்க.

டீம்ல புதுசா வர்றவங்களுக்கு நா சொல்லிக் குடுக்குற சார்ட் ஒண்ணு இருக்கு. வீட்டு பாத்ரூம் அடைப்புக்கு ட்ரெயின் கிளீனர் ஊத்தும்போது தெறிச்சிருக்கு, வலது புறங்கைல சுத்தி ஃபர்ஸ்ட் டிகிரி நடுவுல கொப்புளத்தோட செகண்ட் டிகிரி, மோவாய்ல ஃபர்ஸ்ட் டிகிரி, பாட்டில்ல சோடியம் ஹைட்ராக்சைடுன்னு போட்டிருந்துச்சுன்னு டாக்டர் எழுதியிருக்காரு. எல்லாரும் காயத்துலேர்ந்து ஆரம்பிப்பாங்க, ஆனா இங்க கெமிக்கல்தான் முன்னாடி வரணும், கோடுங்கள நம்பர் வரிசைல போட்டிருக்குற டாபுலர் லிஸ்ட்லயே கோட் ஃபர்ஸ்ட் (இத மொதல்ல போடு)னு இருக்கு. அதனால டி54.3எக்ஸ்1ஏ, அதாவது அல்கலி (காரம்), தெரியாம நடந்தது. அப்புறம் புறங்கைக்கு டி23.661ஏ. ஒரே எடம், ஒரே பக்கம்னா பெரிய டிகிரிக்கு மட்டும் ஒரு கோடு போட்டா போதும், ஃபர்ஸ்ட் டிகிரிக்கு தனியா போடக்கூடாது. மோவாய் வேற எடம், அதுக்கு டி20.53எக்ஸ்ஏ. கடைசில எடத்துக்கு ஒய்92.012, தனி வீட்டு பாத்ரூம். நாலு சொட்டுக்கு நாலு கோடு!

கெமிக்கல ஏன் முன்னாடி வைக்கச் சொல்றாங்கன்னு யோசிச்சா இந்த புக் மேல மரியாத வரும். ஆசிட் பட்டா பெரும்பாலும் மேல தோல் கெட்டியாகி அதுவே ஒரு தடுப்பு மாதிரி ஆயிடும், அல்கலி அப்படி நிக்காது, திசுவ கரைச்சுக்கிட்டே உள்ள எறங்கும், பாக்க சின்னதா இருந்தாலும் மறுநாள் ஆழமாகலாம். இங்க நம்ம தெருவுல வண்டில விக்கிற பாத்ரூம் ஆசிட் பாத்துப் பழகுன கண்ணுக்கு ட்ரெயின் கிளீனர்னாலே ஆசிட்னு தோணும், ஆனா அங்க காஸ்டிக் சோடால பண்ணதும் உண்டு, சல்ஃப்யூரிக் ஆசிட்ல பண்ணதும் உண்டு. டாக்டர் சொல்லாம நாமளா முடிவு பண்ணக்கூடாது. என்ன கெமிக்கல்னே தெரியலன்னா டி54.91எக்ஸ்ஏ இருக்கு. வேணும்னே நடந்ததா தெரியாமலான்னு எழுதலன்னா ஆக்சிடென்டல்தான் எடுக்கணும், அன்டிட்டர்மைண்ட்ங்கறது கண்டுபுடிக்க முடியலன்னு டாக்டரே எழுதினா மட்டும்.

கோடு சஜஸ்ட் பண்ற சாஃப்ட்வேர் பத்தி கேக்குறவங்களுக்கு: டைம் மிச்சமாகுது, வேணாம்னு சொல்ல மாட்டேன். ஆனா நா யூஸ் பண்ணதுல கெமிக்கல் பர்ன்னு நோட்ல இருந்தா பர்ன்ங்கற வார்த்தைய மட்டும் புடிச்சுக்கிட்டு டி23.2ன்னு சூட்டுக்காய கோட காட்டுது, அத அப்படியே அக்செப்ட் பண்ணா ஆடிட்ல எரர்தான். அகர வரிசைல இருக்குற இண்டெக்ஸ்ல கரோஷன் போய் பாத்துட்டு டாபுலர்ல கன்ஃபார்ம் பண்றது அர நிமிஷ வேல, அத விடாதீங்க. கோடோட கடைசி எழுத்தும் அப்படித்தான், 'ஏ' (A) போட்டா மொத விசிட்னு அர்த்தம் இல்ல, ஆக்டிவ் ட்ரீட்மென்ட் நடக்குற வரைக்கும் 'ஏ'தான். காயம் நல்லா ஆறிக்கிட்டு இருக்கு, செக்கப்புக்கு வந்தாங்கன்னா 'டி' (D), காயத்துக்கு மட்டும் மாத்தாம கெமிக்கல் கோடுலயும் மாத்தணும்.

கொற ஒண்ணே ஒண்ணுதான், அது புக்கோடது இல்ல. வலது கைல கெமிக்கல் பர்ன்னு ஒத்த வரி மட்டும் எழுதி விட்டா டி23.401ஏ, எந்த எடம்னும் தெரியாது எந்த டிகிரின்னும் தெரியாது, கொப்புளம் இருந்துச்சுன்னு நர்ஸ் நோட்ல பாத்தாலும் அத வச்சு நாம டிகிரி போட முடியாது. நா அதுக்குன்னே டாக்டருக்கு அனுப்ப ஒரு சின்ன க்வெரி (கேள்வி) ரெடியா வச்சிருக்கேன்: கைல எந்த எடம், என்ன டிகிரி, கெமிக்கல் பேர் என்ன. செகண்ட் டிகிரிதானேன்னு பதில நாமளே ஊட்டுற மாதிரி கேக்கக் கூடாது, இப்படி ஓப்பனா கேட்டா பெரும்பாலும் பதில் வந்துடுது.