1997: அமேசானா, பார்ன்ஸ் அண்ட் நோபிளா?

1997 மே மாதத்துக்குத் திரும்பிப் போய், கையில் இருக்கும் பணத்தை ஒரே ஒரு புத்தகக்கடையில் போடச் சொன்னால் எதில் போடுவீர்கள்? ஒரு பக்கம் பார்ன்ஸ் அண்ட் நோபிள். அமெரிக்கா முழுக்க ஆயிரத்தை ஒட்டிய கடைகள், வருஷத்துக்கு 200 கோடி டாலருக்கு மேல் விற்பனை. இன்னொரு பக்கம், கடை திறந்து இரண்டு வருஷம்கூட நிறையாத சியாட்டில் அமேசான். 1996இல் அதன் விற்பனை 1.57 கோடி டாலர், நஷ்டம் 58 லட்சம் டாலர்.

அந்த மே 15ஆம் தேதி அமேசான் பங்கு 18 டாலர் விலையில் சந்தைக்கு வந்தது. மூன்று நாள் முன்னால்தான், ‘உலகின் மிகப் பெரிய புத்தகக்கடை’ என்று அது சொல்லிக்கொள்வது பொய் என்று பார்ன்ஸ் அண்ட் நோபிள் வழக்குப் போட்டிருந்தது. அதே மாதம் சொந்த இணையக் கடையையும் திறந்தது. ஃபாரெஸ்டர் ஆய்வு நிறுவனத்தின் ஜார்ஜ் காலனி சின்னவருக்கு ‘அமேசான்.டோஸ்ட்’ என்று பேர் வைத்தார். கதை முடிந்தது என்று அர்த்தம்.

நானாக இருந்தால் பெரியவர் மீதுதான் பணம் போட்டிருப்பேன். பணம் போயிருக்கும்; ஆனாலும் அன்றைய கணக்கில் அது முட்டாள்தனம் இல்லை.

முதலில் சரக்கைப் பார்ப்போம். அமேசான் பத்து லட்சத்துக்கு மேற்பட்ட புத்தகங்களைத் திரையில் காட்டியது, கிடங்கில் வைத்திருந்தது கொஞ்சம்தான். ஆர்டர் வந்த பிறகு மொத்த வியாபாரியிடம் வாங்கி அனுப்புவதுதான் வழக்கம். 1996இல் வாங்கிய சரக்கில் 59 சதவீதம் இங்கிராம் என்ற ஒரே நிறுவனத்திடமிருந்து வந்தது. நீண்டகால ஒப்பந்தம் எதுவும் கிடையாது. ஆரம்ப நாட்களில் மொத்த வியாபாரிகள் குறைந்தது பத்துப் புத்தகம் கேட்டார்கள். வேண்டியதோ ஒன்று. அதற்கு ஒரு தந்திரம் கண்டுபிடித்ததாக ஜெஃப் பெசோஸ் பிற்பாடு சொல்லிச் சிரித்திருக்கிறார்: வேண்டிய ஒன்றோடு, பட்டியலில் மட்டும் இருந்து கையிருப்பில் இல்லாத, லைக்கன் (பாறையிலும் மரத்திலும் படரும் பாசி மாதிரியான உயிரி) பற்றிய ஒரு புத்தகத்தில் ஒன்பது பிரதி சேர்த்து ஆர்டர் போடுவார்களாம். ஒரு புத்தகம் வரும், ஒன்பதுக்கு ‘இருப்பில்லை’ என்று மன்னிப்புச் சீட்டு வரும். எதிர்ப்பக்கமோ பதிப்பகங்களிடம் நேரடியாக வாங்கும், சொந்தக் கிடங்கும் வைத்திருக்கும். சரக்கில் சந்தேகமே இல்லாமல் பெரியவர் பக்கம்தான்.

பணப் புழக்கத்துக்கு வந்தால் தராசு மறுபக்கம் சாய்கிறது. அமேசானுக்கு வாடிக்கையாளரின் கிரெடிட் கார்டு பணம் ஓரிரு நாளில் கைக்கு வந்துவிடும். புத்தகம் கொடுத்தவருக்குப் பல வாரம் கழித்துக் கட்டினால் போதும். அடுத்தவர் பணத்தில் ஓடுகிற வண்டி. கடைக்காரருக்கு அப்படியில்லை, புத்தகம் அலமாரியில் மாதக்கணக்கில் தூங்கும், வாடகையும் சம்பளமும் தூங்காது. ஆனால் அமேசான் ஏற்பாட்டில் ஒரு பொறி உண்டு. விற்பனை ஏறிக்கொண்டே இருக்கும்வரைதான் அந்தச் சௌகரியம். ஒரு காலாண்டு சறுக்கினால் பழைய பில்கள் வரிசையாக வந்து நிற்கும், கட்டப் புதுப் பணம் இருக்காது.

வரியிலும் சின்னவருக்கு லாபம். ஒரு மாநிலத்தில் கடையோ ஆளோ இல்லாத வியாபாரியை அந்த மாநில விற்பனை வரி வசூலிக்கச் சொல்ல முடியாது என்று உச்ச நீதிமன்றம் 1992இல் குவில் வழக்கில் சொல்லியிருந்தது. மக்கள்தொகை மிகுந்த கலிபோர்னியாவில் கடை போடாமல் பெசோஸ் வாஷிங்டன் மாநிலத்தைத் தேர்ந்தெடுத்ததற்கு இதுவும் ஒரு காரணம். பார்ன்ஸ் அண்ட் நோபிளுக்கு எங்கு பார்த்தாலும் கடை. அதனாலேயே இணையக் கடையைத் தனி நிறுவனமாகப் பிரித்து வைக்க வேண்டியிருந்தது. பெரிய பலம் என்று எல்லோரும் நினைத்த கடைகளே இணையத்தில் காலைக் கட்டின.

சர்வர் விஷயத்தில் அமேசான் நிலைமை பரிதாபம். கணினிகள் எல்லாம் சியாட்டிலில் ஒரே வாடகை இடத்தில் இருந்தன, ஊரோ நிலநடுக்கப் பகுதி. இதை மறைக்காமல் பங்கு வெளியீட்டு ஆவணத்திலேயே எழுதியிருந்தார்கள்.

சரி, போட்டி எங்கே உண்மையில் வலித்தது? 1998 நவம்பரில். இங்கிராமை 60 கோடி டாலருக்கு வாங்கப்போவதாக பார்ன்ஸ் அண்ட் நோபிள் அறிவித்தது. தள்ளுபடி கொடுத்தால் பதிலுக்குத் தள்ளுபடி கொடுக்கலாம். சரக்கு வருகிற குழாயே எதிராளி கைக்குப் போனால் என்ன செய்வது? போட்டி ஒழுங்குமுறை அதிகாரிகளின் எதிர்ப்பால் 1999 ஜூனில் அந்தப் பேரம் கைவிடப்பட்டது. அதற்குள் அமேசான் சொந்தமாகப் பெரிய கிடங்குகள் கட்ட இறங்கிவிட்டது, அதுவும் கடன் வாங்கி.

ஒருவரை நம்பியிருக்கும் ஆபத்திலிருந்து தப்ப, வட்டி கட்டும் ஆபத்தை விலைக்கு வாங்கிய கதை இது. என்னைக் கேட்டால் அமேசானை மூழ்கடிக்கப் பார்த்தது இதுதான், எதிராளியின் இணையக் கடை இல்லை. 2000 பிப்ரவரியில் 69 கோடி யூரோவுக்குக் கடன் பத்திரம் விற்றார்கள். அடுத்த மாதமே தொழில்நுட்பப் பங்குகள் நிறைந்த நாஸ்டாக் பங்குச் சந்தை உச்சம் தொட்டுச் சரியத் தொடங்கியது. ஒரு மாதம் தாமதித்திருந்தால் யார் கடன் கொடுத்திருப்பார்கள்? அந்த ஜூனில் லேமன் பிரதர்ஸ் முதலீட்டு வங்கியின் ஆய்வாளர் ஒருவர் அமேசானிடம் பணம் தீர்ந்துபோகலாம் என்று எழுதினார். அந்த வருஷ நஷ்டம் 140 கோடி டாலர். 1999 டிசம்பரில் 100 டாலரைத் தாண்டியிருந்த பங்கு, 2001இல் 6 டாலருக்கும் கீழே போனது.

மூன்றாவதாக ஒருவரும் இருந்தார், பார்டர்ஸ் என்ற இன்னொரு பெரிய புத்தகக்கடை நிறுவனம். சொந்த இணையக் கடை நஷ்டத்தில் ஓடியதால் 2001இல் அதை அமேசானிடமே நடத்தக் கொடுத்துவிட்டது. அந்த வருஷக் கணக்கில் புத்திசாலித்தனமான முடிவுதான், நஷ்டம் உடனே நின்றது. ஏழு வருஷம் கழித்து 2008இல் திரும்பச் சொந்தமாகத் திறந்தபோது, இணையத்தில் புத்தகம் வாங்கும் அதன் வாடிக்கையாளர்கள் வேறு வாசலுக்குப் பழகியிருந்தார்கள். 2011 பிப்ரவரியில் திவால் மனு போட்டது.

அமேசான் முதன்முதலாக லாபம் காட்டியதும் அந்த 2001இன் கடைசிக் காலாண்டில்தான்: 50 லட்சம் டாலர், பங்குக்கு ஒரு சென்ட்.