கிரிஸ்டலேரியத்தில் வைரமா, ஜேடா?

ஸ்டார்டியூ வேலி என்ற பண்ணை வீடியோ கேமில் மைனிங் திறன் 9-வது லெவலைத் தொட்டதும் கிரிஸ்டலேரியம் செய்முறை கைக்கு வரும். 99 கல், 5 தங்கக் கட்டி, 2 இரிடியம் கட்டி, ஒரு பேட்டரி. சுரங்கத்தில் கிடைத்த ரத்தினம் ஒன்றை உள்ளே போட்டால், அதே கல்லைத் திரும்பத் திரும்ப வளர்த்துக் கொடுத்துக்கொண்டே இருக்கும். எதைப் போடுவது என்று கேட்டால் முக்கால்வாசிப் பேர் வைரம் என்பார்கள். நானும் வைரத்தில்தான் ஆரம்பித்தேன். இப்போது என் கொட்டகையில் இருக்கும் 12 கிரிஸ்டலேரியங்களில் 10 ஜேட், 2 வைரம்.

விற்பனை விலையை மட்டும் பார்த்தால் பேச்சுக்கே இடமில்லை. வைரம் 750, ஜேட் 200. வைரம் வளர விளையாட்டுக் கணக்கில் 7,200 நிமிடம், ஜேடுக்கு 2,400. ஒரு வைரம் வளரும் நேரத்தில் மூன்று ஜேட் வந்தாலும் 600தான் தேறும். பரிசு கொடுக்க வேண்டுமென்றால் பென்னி, மாரு போன்ற ஊர்க்காரர்களுக்கு வைரம் என்றால் உயிர். ஜேடை அப்படி விரும்புகிறவள் எமிலி.

பராமரிப்பிலும் வைரத்துக்கே என் ஓட்டு. ஐந்து நாளைக்கு ஒருமுறை கொட்டகைக்குள் போனால் போதும். அறுவடை நாட்களில், விடிந்ததும் வயலுக்கு ஓட வேண்டியிருக்கும்போது, இந்த நிம்மதி பெரிது. ஜேட் அப்படி இல்லை. காலையில் எடுத்துவிட்டு வந்தால் அடுத்தது மறுநாள் இரவுக்குள் முடிந்துவிடும். அந்த நேரத்தில் நான் பெரும்பாலும் எங்கேயாவது குகைக்குள் இருப்பேன். மூன்றாம் நாள் காலைதான் கை வைக்க முடிகிறது. அதுவரை இயந்திரம் சும்மா நிற்கும். ஆக நடைமுறையில் ஒரு கிரிஸ்டலேரியத்துக்கு வாரம் மூன்று ஜேட், எப்போதாவது நான்கு. ஒரு நாள் தவறினால் அதுவும் குறையும்.

அப்புறம் ஏன் ஜேட்? ஞாயிற்றுக்கிழமைக்காக.

காலிகோ பாலைவனத்தில் ஒட்டகத்தோடு நிற்கும் வியாபாரி, ஞாயிறு மட்டும் ஒரு ஜேடுக்கு ஒரு படிக்கட்டு கொடுப்பார். குகைக்குள் அதை வைத்தால் நேரே அடுத்த தளத்துக்கு இறங்கிவிடலாம். இதை நாமே செய்ய 99 கல் வேண்டும். 10 இயந்திரம், வாரம் 30 ஜேட், அதாவது 30 படிக்கட்டு. கல்லாகக் கணக்குப் போட்டால் 2,970. அவ்வளவு கல்லை வாராவாரம் உடைத்துக்கொண்டிருந்தால் வேறு எந்த வேலையும் ஓடாது.

படிக்கட்டின் அருமை அதே பாலைவனத்தில் இருக்கும் ஸ்கல் கேவர்ன் குகைக்குள் போனால்தான் தெரியும். ஊர்ச் சுரங்கத்தில் 120 தளம், ஐந்து தளத்துக்கு ஒருமுறை லிஃப்ட் நிற்கும், விட்ட இடத்திலிருந்து தொடரலாம். ஸ்கல் கேவர்னில் லிஃப்ட் கிடையாது. எத்தனை தடவை போனாலும் முதல் தளத்திலிருந்துதான். கீழே போகப்போகத்தான் இரிடியம் தாது நெருக்கமாகக் கிடைக்கும். பாலைவனத்துக்குப் பஸ் கிளம்பவே காலை 10 மணி. இரவு 2 மணிக்கு மயங்கி விழுந்துவிடுவோம். இடைப்பட்ட நேரத்தில் எத்தனை தளம் இறங்குகிறோம் என்பதுதான் முழுக் கணக்கும். உள்ளே போன பிறகு பற்றாக்குறை நேரத்துக்குத்தான், காசுக்கு இல்லை. விற்று வைத்த வைரப் பணத்தால் குண்டு வாங்கலாம், சாப்பாடு வாங்கலாம், ஒரு மணி நேரம் வாங்க முடியாது. படிக்கட்டு கிட்டத்தட்ட அதைத்தான் தருகிறது.

வைரம் மட்டும் வளர்த்த நாட்களில் நான் 40-வது தளத்தைத் தாண்டியதே அபூர்வம். ஏணி கிடைக்காத தளத்தில் பாறையை உடைத்துக்கொண்டே நிற்பேன், பறக்கும் பாம்புகள் சூழ்ந்துகொள்ளும், மணி எட்டாகிவிடும். ஜேடுக்கு மாறிய பிறகு ஒரு நாள் டிவியில் குறி சொல்பவர் இன்று அதிர்ஷ்டம் அமோகம் என்றதும், சேர்த்து வைத்திருந்த 60 படிக்கட்டோடு கிளம்பினேன். இறங்கியதும் ஒரு பார்வை. ஊதா நிறப் பாறை கண்ணில் பட்டால் குண்டு வைப்பேன். மம்மிக் கூட்டமும் வெறும் கல்லும் என்றால் காலடியிலேயே படிக்கட்டைப் போட்டு அடுத்த தளம். 100-வது தளத்தை மாலையிலேயே தாண்டினேன். வீடு திரும்பியபோது பையில் 200-க்கு மேல் இரிடியம் தாது. ஐந்து தாதுவும் ஒரு நிலக்கரியும் உலையில் போட்டால் ஒரு கட்டி, கட்டி ஒன்று 1,000. ஆக 40 கட்டி, 40,000. 12 இயந்திரத்திலும் வைரமே வளர்த்தால்கூட ஐந்து நாளைக்கு 9,000தான்.

அந்தக் கட்டிகளை விற்கவும் தேவையில்லை. இரண்டு கட்டி இருந்தால் இன்னொரு கிரிஸ்டலேரியம், ஒரு கட்டியில் 24 கட்டத்துக்குத் தண்ணீர் விடும் இரிடியம் ஸ்ப்ரிங்ளர். என் பண்ணை விரிந்தது அப்படித்தான்.

ஞாயிற்றுக்கிழமை அதிர்ஷ்டம் மோசமாக இருந்தாலும் கவலையில்லை. வாங்கிப் பெட்டியில் போட்டுவிட்டு நல்ல நாள் வரும்போது எடுத்துக்கொள்ளலாம். ஆனால் ஞாயிறைத் தவறவிட்டால் அடுத்த ஞாயிறுவரை காத்திருக்க வேண்டியதுதான். பருவத்தில் 7, 14, 21, 28 என்று நான்கே நாள். நான் ஒருமுறை 14-ம் தேதியை மறந்து மீன் பிடிக்கப் போய்விட்டேன், ஒரு வாரத்து ஜேட் அப்படியே கிடந்தது.

மைனிங் லெவல் ஏறும்போது நீங்கள் எடுத்த தொழிலையும் பாருங்கள். ஜெமாலஜிஸ்ட் என்றால் ரத்தினங்களுக்கு 30 சதவீதம் கூடுதல் விலை, வைரம் 975 ஆகும். ஆனால் பண்டமாற்றில் அந்த 30 சதவீதத்துக்கு வேலையே இல்லை, யாராக இருந்தாலும் ஒரு ஜேடுக்கு ஒரு படிக்கட்டுதான். நான் 5-வது லெவலில் மைனர் எடுத்தவன். ஒவ்வொரு தாதுப் பாறையிலும் ஒன்று கூடுதலாகக் கிடைக்கும். அதனால் ஆழத்துக்குப் போவதில் எனக்கு லாபம் அதிகம். ஜெமாலஜிஸ்ட் எடுத்து, பாலைவனத்துக்கும் அடிக்கடி போகாதவர் என்றால் வைரத்தை மாற்றச் சொல்ல மாட்டேன்.

இதெல்லாம் தனியாக, மூன்றாம் ஆண்டு வரை ஆடிய ஒரே பண்ணையின் அனுபவம். நாலு பேர் சேர்ந்து ஆடும் பண்ணையில் நான் ஆடியதில்லை. இரிடியம் பெட்டி பெட்டியாகச் சேர்ந்துவிட்ட பிறகு படிக்கட்டின் தேவை குறையும் என்றுதான் தோன்றுகிறது. என் கொட்டகையில் அந்த இரண்டு வைரங்கள் ஏற்கெனவே வந்துவிட்டன. அடுத்த குளிர்காலத்தில் இன்னும் இரண்டை மாற்றுவேன். பஸ் ஓடத் தொடங்கியவுடன் முதல் கிரிஸ்டலேரியத்தில் போட வேண்டியது மட்டும் ஜேட்தான்.