கறுப்பு என்னவோ அருமைதான், சிமிட்டாம இருந்தா

சர்வீஸுக்குப் போன மானிட்டர் போன வாரம் திரும்பி வந்துச்சு. கூடவே ஒரு சீட்டு: பழுது ஏதும் இல்லை. அவங்க பொய் சொல்லலைங்க. சிவப்பு, பச்சை, நீலம்னு மாத்தி மாத்தித் திரையை ரொப்பிப் பார்த்திருப்பாங்க, ஒரு டெமோ வீடியோவை ஓட விட்டிருப்பாங்க. அப்படிப் பார்த்தா இதுல ஒரு குறையும் கண்ணுக்குத் தெரியாது. பகல் பூரா இதுலதான் என்ற டேலியும் ஜிஎஸ்டி கணக்கும் ஓடுது, ஒரு சிமிட்டல் கிடையாது. பொழுது சாய்ஞ்சு கேமைத் திறந்தாத்தான் இதுக்குக் கிறுக்குப் புடிக்கும்.

27 இன்ச், 1440பி (2560-க்கு 1440 புள்ளி), 165 ஹெர்ட்ஸ் (நொடிக்கு 165 தாட்டி படம் புதுப்பிக்கும்), வளைஞ்ச விஏ பேனல் (பேனல்னா திரையோட எல்சிடி தகடு, விஏ அதுல ஒரு வகை). மத்த விவரமெல்லாம் பெட்டி மேலயே அச்சடிச்சிருக்கும். கம்பெனிப் பேரை வேணும்னேதான் விடறேன். நான் திட்டப்போற குறை இந்த வகைப் பேனல் பலதுலயும் உண்டு, ஒருத்தரை மட்டும் இழுத்து வச்சு அடிக்கறது நியாயமில்லை.

நல்லதை முதல்ல சொல்லிடறேன், அப்புறம் கோவத்துல மறந்துடும். கறுப்பு. விஏ பேனலோட கான்ட்ராஸ்ட், அதாவது வெள்ளைக்கும் கறுப்புக்கும் உள்ள வெளிச்ச விகிதம், சாதாரணமா 3000:1 கிட்ட நிக்கும், ஐபிஎஸ்ங்கற இன்னொரு வகைப் பேனல்ல 1000:1 சுத்தித்தான். ரூம் லைட்டை அணைச்சுட்டு கேம்ல ஒரு குகைக்குள்ள நுழைஞ்சீங்கன்னா, இருட்டு இருட்டாவே இருக்கும். ஐபிஎஸ்ல அதே இடம் சாம்பல் பூத்து, மூலைக்கு மூலை மஞ்சளா வெளிச்சம் கசியும். ரெண்டரை வருசமா பார்க்கறேன், இந்தக் கறுப்பு இன்னும் சலிக்கலை.

ஆனா அதே குகையிலதான் வம்பும்.

"கேம் ஆடறப்ப டிஸ்ப்ளே போயிடுது" அப்படின்னு யாராவது சொன்னா, அதுக்குள்ள குறைஞ்சது ரெண்டு வியாதி இருக்கும். ஒன்னு, திரை மொத்தமா ரெண்டு செகண்ட் அணைஞ்சு திரும்ப வர்றது. இன்னொன்னு, திரை அணையாது, இருட்டான இடம் மட்டும் படபடன்னு சிமிட்டும். ரெண்டுக்கும் காரணம் வேற, மருந்து வேற. நெட்ல போய்க் கேட்டா ரெண்டுக்கும் ஒரே கசாயம்தான்: டிரைவரை அழிச்சுட்டு மறுபடியும் போடு, விண்டோஸை மாத்து. எனக்கு ரெண்டு வியாதியும் ஒன்னா வந்து சேர்ந்துச்சு, அதனால எது எதுனு பிரிக்கவே வெகு நாளாச்சு.

முதல்ல அணையற வியாதி. அணையற நேரத்துல பவர் பொத்தான் பக்கத்துல இருக்கற சின்ன விளக்கைப் பாருங்க. விளக்கும் சேர்ந்து போனா கரண்ட்டு கோளாறு, அடாப்டரைப் பாருங்க. விளக்கு எரிஞ்சுட்டே படம் மட்டும் போனா சிக்னல் அறுபடுதுன்னு அர்த்தம். அப்ப ஹெர்ட்ஸை 165-ல இருந்து 120-க்கு இறக்கி அதே கேமை ஆடிப் பாருங்க. அணையறது நின்னுடுச்சா, கேபிள் மேலதான் முதல் சந்தேகம்.

இந்தக் கேபிள் விசயத்தைக் கடைக்காரங்களே சரியா சொல்ல மாட்டேங்கறாங்க. டிவிக்கெல்லாம் மாட்டற எச்டிஎம்ஐ கேபிள்ல, 2.0 வகைன்னா நொடிக்கு 18 ஜிகாபிட்னு போட்டிருக்கும். அதுல படத்துக்குன்னு மிஞ்சறது 14.4 தான். 1440பி-யில 165 ஹெர்ட்ஸ், 8 பிட் கலர்னா வெறும் பிக்சல் கணக்கே 14.6 ஆகுது. அதனால இந்த மானிட்டரோட முழு வேகம் வேணும்னா டிஸ்ப்ளேபோர்ட்ங்கற இன்னொரு வகைக் கேபிள்தான் வழி. அதுலயும் சல்லிசான கேபிள்ல ஒரு வில்லங்கம் உண்டு. கேபிள் முனையில இருக்கற முள்ளுங்கள்ல (பின்) 20-வது முள்ளு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் சேர்ந்திருக்கக் கூடாதுங்கறது விதி. சில கேபிள்ல சேர்த்தே வச்சிருப்பாங்க, மானிட்டர்ல இருந்து 3.3 வோல்ட் கம்ப்யூட்டருக்குள்ள ஏறும், சமயத்துல கம்ப்யூட்டர் ஆன் ஆகறதுக்கே அடம் புடிக்கும். டிஸ்ப்ளேபோர்ட் தரத்தை வகுக்கற வெசா அமைப்போட சான்று உள்ள, ரெண்டு மீட்டருக்கு மேல போகாத கேபிளா எடுங்க.

கேபிள் மாத்தினதும் அணையறது பாதியாக் குறைஞ்சுது. மிச்சப் பாதி எப்ப வருதுன்னு கவனிச்சா, கேமுக்கும் அதுக்கும் சம்பந்தமே இல்லை. அடுப்படியில அம்மா கிரைண்டரை நிறுத்தற அதே நொடி இங்க திரை அணையுது. கோயம்புத்தூர் வெட் கிரைண்டருக்குப் புவிசார் குறியீடு வரைக்கும் வாங்கி வச்சிருக்கற ஊருங்க இது, கிரைண்டர் இல்லாத வீடு ஏது? மோட்டாரை அணைக்கற நொடியில ஸ்விட்ச்சுல ஒரு வோல்டேஜ் துள்ளல் கிளம்பும், அது ஒயர்ல ஏறி வந்து சிக்னலைக் கலைச்சுடும். "நான் ஆடி முடிச்சப்புறம் மாவாட்டலாமில்ல" அப்படின்னு கேட்டேன். "அப்புறம் காலையில இட்லிக்குப் பதிலா உன்ற பொட்டியத் தட்டுல வெக்கட்டுமா?"ன்னு அம்மா கேட்டாங்க. பேச்சு அத்தோட முடிஞ்சுது.

இன்னொரு காரணத்தைச் சொன்னா சிரிப்பீங்க. உக்கார்ற நாற்காலி. கேஸ் சிலிண்டர் வச்சு ஏத்தி இறக்கற சுழல் நாற்காலியில இருந்து டக்குனு எந்திரிச்சா ஒரு மின்காந்தத் துடிப்பு கிளம்பும், வீடியோ கேபிள் அதைப் புடிச்சுக்கும், படம் அறுந்துடும். கட்டுக்கதை இல்லீங்க. யூஎஸ்பி வழியா மானிட்டரை இணைக்கற சிப் செய்யற டிஸ்ப்ளேலிங்க் கம்பெனி, தன்னோட உதவிக் குறிப்புலயே இதை எழுதி வச்சிருக்கு. கேபிள்ல ஒரு ஃபெரைட் வளையம் (இந்த மாதிரித் துடிப்பை அமுக்கற காந்தப்பொருள் வளையம்) மாட்டினா குறையும்.

ரெண்டுக்கும் அடியில இருந்த அசல் சங்கதி எர்த்து. கம்ப்யூட்டர் கேபினெட்டை வெறுங்காலோட தொட்டா விரல் நுனியில சுரீர்ங்கும். கம்ப்யூட்டருக்குக் கரண்ட்டைப் பிரிச்சுக் குடுக்கற எஸ்எம்பிஎஸ் உள்ள இருக்கற ஃபில்டர் கெப்பாசிட்டர் வழியா கசியற கரண்ட்டு பூமிக்குப் போக வழியில்லைன்னா, கேபினெட் மேல கிட்டத்தட்ட பாதி வோல்டேஜ், அதாவது 115 கிட்ட, சும்மா உக்காந்திருக்கும். கம்மிக் கரண்ட்டுதான், உயிரை எடுக்காது, ஆனா டெஸ்டரை வெச்சா விளக்கு எரியும். எலக்ட்ரீசியன் அண்ணன் வந்து பிளக் பாயின்ட்டைக் கழட்டினார். "ஏந்தம்பி, மூணாவது ஓட்டை சும்மா அழகுக்குத்தான் வெச்சிருக்குது போல. ஒயரே இல்லீங்களே." வீடு கட்டறப்ப போட்ட எர்த்துக் குழியும் வறண்டு கிடந்துச்சு. கரியும் உப்பும் போட்டு மறுபடியும் குழி எடுத்து, ரூமுக்குத் தனி எர்த் ஒயர் இழுத்துக் குடுத்தார். கோடையில வாரத்துக்கு ஒரு தாட்டி குடத்துல தண்ணி ஊத்துங்கன்னு சொல்லிட்டுப் போனார். இப்ப கிரைண்டர் ஓடலாம், பக்கத்து லேத் பட்டறையில மோட்டார் கிளம்பலாம், நான் நாற்காலியில இருந்து குதிக்கக்கூடச் செய்யலாம். படம் அறுபடறது இல்லை. மானிட்டருக்குக் குடுத்த காசுக்கு முன்னாடி எர்த்துக்குச் செலவு செஞ்சிருந்தா எத்தனை ராத்திரி மிச்சமாயிருக்கும்னு தோணுது, ஆனா மானிட்டர் வாங்கற யாருகிட்டயும் இதை ஒருத்தரும் சொல்றதில்லை.

நடுவுல சின்னச் சின்ன தொல்லையும் உண்டு. ஆல்ட்-டேப் அடிச்சு வெளிய வந்தா திரை ஒரு நொடி கறுத்துப் போறது கோளாறே இல்லை. முழுத்திரையைக் கேம் தனக்குன்னு எடுத்துக்கற முறையில அப்படித்தான் நடக்கும், கேம் செட்டிங்ல பார்டர்லெஸ்ங்கற முறைக்கு மாத்திட்டா போயிடும். கேமை ஆடிட்டே பிரவுசரையும் திறந்து வச்சா கட்டங்கட்டமா மினுக்கறது விண்டோஸோட மல்டிபிளேன் ஓவர்லே (பல ஜன்னலோட படத்தைக் கிராபிக்ஸ் கார்டே அடுக்கிக் காட்டற வசதி) சமாசாரம். அதை ரெஜிஸ்ட்ரிங்கற விண்டோஸ் அமைப்புப் பட்டியல்ல நிறுத்தி வைக்கலாம்.

இப்ப சிமிட்டற வியாதிக்கு வர்றேன். இதுக்கு எந்த எலக்ட்ரீசியனும் குழி வெட்ட முடியாது.

கிராபிக்ஸ் கார்டு ஒரு படம் வரைஞ்சு முடிக்கற வரைக்கும் மானிட்டர் காத்திருந்து புதுப்பிக்கும், அதுதான் அடாப்டிவ் சிங்க். 2014-ல டிஸ்ப்ளேபோர்ட் 1.2ஏ தரத்துக்குள்ள வந்துச்சு, மறு வருசம் கிராபிக்ஸ் கார்டு செய்யற ஏஎம்டியோட ஃப்ரீசிங்க்ங்கற பேர்ல மானிட்டர்கள் கடைக்கு வந்துச்சு, 2019 ஜனவரியில போட்டிக் கம்பெனி என்விடியாவும் இந்த மானிட்டர்களுக்குக் கதவைத் திறந்துச்சு. படம் குறுக்கால வெட்டுப்பட்டுக் கிழியறது இல்லை, தாமதமும் இல்லை. கேட்க எல்லாம் நல்லாத்தான் இருக்கு.

ஆனா எல்சிடி பிக்சல்ங்கறது அடுத்த புதுப்பிப்பு வர்ற வரைக்கும் ஒரு வோல்டேஜைப் புடிச்சு வச்சிருக்கணும். அந்த வோல்டேஜ் கொஞ்சங்கொஞ்சமா கசியும். பேனலைத் தொழிற்சாலையில ஒரு நிலையான ஹெர்ட்ஸ்ல வச்சுத்தான் வெளிச்சத்தைச் சரி பண்றாங்க. கேம்ல அந்த இடைவெளி நொடிக்கு நொடி நீளும், குறுகும். நீண்டா வெளிச்சம் ஒரு துளி மாறும். வெயில் அடிக்கற காட்சியில அது தெரியவே தெரியாது. கறுப்புக்கு ஒரு படி மேல இருக்கற அடர் சாம்பல்ல, நம்ம கண்ணு மோப்பம் புடிச்சுடும். விஏ பேனல்ல இது ஐபிஎஸ்ஸைவிட வெகுசாத் தெரியும்.

இது போதாதுன்னு 48 ஹெர்ட்ஸ்னு ஒரு கோடு வேற. என் மானிட்டரோட அடாப்டிவ் சிங்க் அதுக்குக் கீழ இறங்காது. கேம் 49 எஃப்பிஎஸ்ல (நொடிக்கு 49 படம்) ஓடினா மானிட்டர் 49 ஹெர்ட்ஸ்ல ஓடும். 47-க்கு விழுந்தா ஒவ்வொரு படத்தையும் ரெண்டு தாட்டி காட்டி 94 ஹெர்ட்ஸுக்கு எகிறும். திரும்ப 49, திரும்ப 94. குகைக்குள்ள தீப்பந்தத்தோட நிக்கறேன், சுவர்ல வெளிச்சம் தேயற அந்த ஓரம் மட்டும் ஸ்டார்ட்டர் போன ட்யூப்லைட்டாட்டம் துடிக்குது. நகராம நின்னா அடங்கும், கேமராவைத் திருப்பினா மறுபடி கிளம்பும். லோடிங் திரையில இன்னும் மோசம், அங்க எஃப்பிஎஸ் பத்துக்கும் முந்நூறுக்கும் நடுவுல குதிக்குமே.

எரிச்சல் எங்கன்னா, பெட்டி மேல ஃப்ரீசிங்க் பிரீமியம்னு ஒட்டியிருக்கற ஸ்டிக்கருக்கான தேவையில ஒன்னே இந்த ரெண்டு தாட்டி காட்டற வித்தைதான். எந்த இடத்துல சிமிட்டுதோ அதுக்குத்தான் பதக்கம் குத்தி அனுப்பறாங்க. 2019-ல என்விடியா 400 அடாப்டிவ் சிங்க் மானிட்டரைச் சோதிச்சு 12 மட்டும்தான் தேறுச்சுன்னு சொன்னப்ப, போட்டிக் கம்பெனியை மட்டம் தட்டறாங்கன்னு பல பேர் நினைச்சாங்க. எனக்கு இப்ப அந்தக் கணக்கு மேல ஒரு மரியாதை வந்திருக்கு.

வேலரண்ட் மாதிரி லேசான கேம்ல இந்தத் தொல்லை தலைகாட்டாது. எஃப்பிஎஸ் எப்பவும் உச்சத்துலயே நிக்கும். கடைக்காரர் அதைத்தான் ஓட்டிக் காட்டுவார். பெரிய ஓப்பன் வேர்ல்ட் கேம்தான் கழுத்தை அறுக்கும்.

கஸ்டம் ரெசல்யூஷன் யுட்டிலிட்டின்னு ஒரு இலவச மென்பொருள் இருக்கு, அதுல அந்த 48-ஐத் தூக்கி 70-க்கு மேல வச்சேன். புதுப்பிப்பு எப்பவும் வேகமாவே நடக்கறதால கசிவு கம்மி, துடிப்பும் கம்மி. போயிடுச்சுன்னு சொல்ல மாட்டேன். கடைசியா நான் வந்து நின்ன இடம் பழைய வழிதாங்க: கனமான கேமுக்கு அடாப்டிவ் சிங்க்கை மொத்தமா அணைச்சுட்டு, மானிட்டரை 120 ஹெர்ட்ஸ்ல வச்சு, கேமை வி-சிங்க்கோட (திரை புதுப்பிக்கற நேரத்துக்குக் காத்திருந்து படத்தை அனுப்பற முறை) 60 எஃப்பிஎஸ்ல பூட்டிடறது. ஒவ்வொரு படமும் சரியா ரெண்டு புதுப்பிப்பு நிக்கும், துடிப்பு சுத்தமா நின்னுடும். மவுஸ் சித்தெ சோம்பலா இருக்கும், அவ்வளவுதான். 165-க்குக் காசு குடுத்துட்டு 60-ல ஆடறேன். இதை எழுதறப்பவே கோவம் வருது.

மானிட்டர் விலை இப்ப நல்லா இறங்கிடுச்சுன்னு கோபியில இருந்து மச்சான் கேட்டார். கார்டு பழசு, பெரிய கேம் ஆடணும், எர்த் இருக்கான்னே தெரியலைன்னார். வேண்டாம் மச்சான்னுட்டேன். கூட ரெண்டாயிரம் போனாலும் ஐபிஎஸ் எடுங்க, சாம்பல் கறுப்பு பழகிடும், சிமிட்டல் பழகாது. அப்படியும் இதைத்தான் எடுப்பேன்னா, திருப்பி அனுப்பற நாள் முடியறதுக்குள்ள நீங்க ஆடற கேமோட இருட்டான கட்டத்துக்குப் போய், எஃப்பிஎஸ் கவுன்ட்டரைப் போட்டுட்டு அரை மணி நேரம் கேமராவைச் சுத்திப் பாருங்க. சர்வீஸ் சென்டரை நம்பி விட்டுடாதீங்க, அவங்க சிவப்பு பச்சைதான் பார்ப்பாங்க.

எல்லாத்தையும் கேட்டுட்டு, "அப்ப உன்றதையே பாதி விலைக்குக் குடுத்துடு மாப்ள, நான் 60-லயே ஆடிக்கறேன்"னார். முடியாதுன்னு சொல்லிட்டேன்.